பின்னணியில் நின்றவர்கள்

திரைப்படம் பார்ப்போர் கதாநாயகனைத்தான் பார்க்கின்றனர். அவன் ஓடும் தெருவையோ, அத்தெருவின் ஓரத்தில் கூடையுடன் நிற்கும் மூதாட்டியையோ, மேல்மாடிச் சாளரத்திலிருந்து எட்டிப் பார்க்கும் சிறுவனையோ யாரும் பார்ப்பதில்லை. பார்க்க வேண்டுமென்று படம் எடுத்தவரும் எண்ணவில்லை. ஆனால், அம்மூதாட்டி நம் பாட்டியாராக இருந்து, அச்சாளரம் நம் முன்னோர் வாழ்ந்த வீட்டின் சாளரமாக இருந்து, அந்த வீடும் தெருவும் பின்னர் இடிக்கப்பட்டு, அவற்றின் உருவம் அந்த ஒரு படத்தில் மட்டுமே எஞ்சியிருக்குமானால், அப்போது நம் கண் எங்கே செல்லும்? கதாநாயகன் மறைத்துக்கொண்டு நிற்கிறானே, சற்றே விலக மாட்டானா என்றன்றோ உள்ளம் துடிக்கும்!

விலகாத கதாநாயகனைத் தம் கையாலேயே விலக்கிய ஒரு கலைஞரைப் பற்றி இங்கு எழுதப் புகுகிறோம். அவர் பெயர் கமால் அல்ஜஃபரி. ஃபலஸ்தீனர். 1972ஆம் ஆண்டு ரம்லா நகரில் பிறந்து, ஜெர்மனியின் கொலோன் நகரில் திரைக்கலை பயின்றவர். பிறர் எடுத்துப் பிறர் பூட்டி வைத்த பழைய படங்களிலிருந்து புதிய படங்களை ஆக்குவது இவர் கலை. தொடக்கத்தில் இவரும் மற்றவர்களைப் போலக் காமிராவைத் தோளில் ஏந்திப் படம் எடுத்தவர்தாம். பின்னர் ஏன் பிறர் படங்களை நாடினார் என்பதை அறிய, யாஃபா நகரின் கதையைச் சற்று அறிதல் வேண்டும்.

மத்தியதரைக் கடலின் கீழ்க்கரையில் அமைந்த தொன்மையான துறைமுகம் யாஃபா. பைத்துல் முகத்தஸை நாடி மேற்கிலிருந்து கடல்வழி வந்த யாத்ரீகர்கள் கப்பலைவிட்டு இறங்கிய துறை அதுவே. சிலுவைப் போர்களில் அது பன்முறை கைமாறியது. 1799இல் நெப்போலியனின் படையினரால் சூறையாடப்பட்டது. எனினும் உதுமானியர் ஆட்சியின் பிற்காலத்தில் ஆரஞ்சுப் பழ ஏற்றுமதியால் மீண்டும் செழித்தது. 'ஃபலஸ்தீன்' என்னும் பெயரிலேயே ஒரு செய்தித்தாள் 1911 முதல் அங்கிருந்து வெளிவந்தது. அல்ஹம்ரா என்று பெயரிட்ட திரையரங்கம் 1937இல் எழுந்தது. பிரிட்டிஷ் ஆட்சியின் இறுதியில் ஏறத்தாழ 70,000 அரபிகள், முஸ்லிம்களும் கிறிஸ்தவர்களுமாக, அங்கு வாழ்ந்தனர்.

1948 ஏப்ரல் இறுதியில் நகரின்மீது குண்டுகள் பொழிந்தன. மே மாத நடுவில் யாஃபா பணிந்தது. அப்போது அங்கு எஞ்சியிருந்தோர் சுமார் 4,000 பேர் மட்டுமே. அவர்கள் அஜமி என்னும் ஒரு பகுதிக்குள் சேர்த்து அடைக்கப்பட்டனர். சுற்றிலும் முள்வேலி இடப்பட்டது. 1950இல் யாஃபா தன் தனி நகராட்சியையும் இழந்து டெல் அவீவுடன் இணைக்கப்பட்டது.

தப்பி ஓடியோர் பலர் கடல்வழியே பெய்ரூத்துக்குப் புறப்பட்டனர். அல்ஜஃபரியின் பாட்டனாரும் பாட்டியாரும் அவ்வாறு படகேறியவர்களே. ஆனால் அலைகள் பேரளவில் எழுந்து படகைத் திருப்பிவிட்டன. கரை சேர்ந்தபோது, விட்டுச் சென்ற ஊர் அவர்களுடைய ஊராக இல்லை. ரம்லாவிலே குடும்பத்துக்கு வாழக் கிடைத்தது, வேறு யாரோ கட்டத் தொடங்கி மேல்தளம் நிறைவுறாமல் விட்டுப் போன ஒரு வீடு. அந்த மேல்தளம் அதன்பின் கட்டப்படவேயில்லை. பிறர் வீட்டை நிறைவு செய்ய அக்குடும்பத்தாருக்கு மனம் வரவில்லை போலும்! 2006இல் அல்ஜஃபரி எடுத்த 'கூரை' என்னும் படம் இந்த வீட்டைப் பற்றியதே.

இனி, யாஃபாவைப் படம் எடுத்தவர்களுக்கு வருவோம். 1960களிலும் 1970களிலும் இஸ்ரேலிய சினிமாவில் ஒரு வகைக் கேளிக்கைப் படங்கள் பெருகின. 'பொரேக்கா' என்பது அவ்வகைக்குப் பெயர். துருக்கியர் வழி வந்த மடிப்புப் பணியாரம் ஒன்றின் பெயரையே படங்களுக்கும் வைத்துவிட்டனர். ஏழைகள் வாழும் பழைய தெருக்கள் இப்படங்களுக்குத் தேவைப்பட்டன. யாஃபாவின் வளைவு வாயில்களும் கல் படிகளும் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தன. மெனகெம் கோலன் இயக்கிய 'கஸப்லான்' என்னும் இசைப்படம் 1973இல் வெளிவந்தது. மொராக்கோவிலிருந்து குடியேறிய ஒரு யூத இளைஞன் அதன் நாயகன். யாஃபாவின் தெருக்களில் நடந்தவாறே, தான் விட்டு வந்த ஊரை எண்ணி அவன் ஏங்கிப் பாடுகிறான். அத்தெருக்களை விட்டுப் போனவர்களின் ஏக்கம் அப்பாட்டில் இடம்பெறவில்லை.

அதே இயக்குநரின் 'டெல்டா ஃபோர்ஸ்' 1986இல் வந்தது. இது அமெரிக்கப் படம். சக் நோரிஸ் நாயகர். வெடிகுண்டுகளுக்கும் துப்பாக்கிகளுக்கும் குறைவில்லை. கதை நிகழும் இடம் பெய்ரூத். ஆனால் படம் எடுக்கப்பட்டது யாஃபாவில். பெய்ரூத்துக்குப் போக முடியாமல் அலைகளால் திருப்பப்பட்ட மக்களின் ஊர், திரையில் பெய்ரூத்தாகவே வேடம் புனைந்தது! இத்தகைய முரணை எந்தக் கதாசிரியரும் கற்பனை செய்திருக்க முடியாது.

இப்படங்கள் எடுக்கப்பட்ட அதே ஆண்டுகளில் அஜமியிலும் அதன் அண்டைப் பகுதியிலும் ஆயிரக்கணக்கான வீடுகள் இடிக்கப்பட்டன. இடிபாடுகளை லாரிகளில் கொண்டுபோய்க் கடற்கரையிலே கொட்டினர். அது குன்றாக வளர்ந்து, அஜமி மக்களுக்கும் கடலுக்கும் இடையே நின்றது. 2010இல் அக்குன்றின்மேல் புல் பதித்துப் பூங்கா அமைத்தார்கள். ஆகவே, தன் தந்தையின் வீடு எப்படி இருந்தது என்று அறிய விரும்பும் யாஃபாவாசி ஒருவர் சக் நோரிஸின் முதுகுக்குப் பின்னால்தான் தேட வேண்டியிருந்தது.

அல்ஜஃபரி அவ்வாறே தேடினார். 2015இல் வெளிவந்த 'ரீகலெக்ஷன்' அத்தேடலின் விளைவு. நினைவுகூர்தல் என்றும், மீண்டும் திரட்டுதல் என்றும் அச்சொல்லுக்கு இருபொருள் கொள்ளலாம். 1960கள் முதல் 1990கள் வரை யாஃபாவில் எடுக்கப்பட்ட இஸ்ரேலிய, அமெரிக்கப் படங்கள் பலவற்றைச் சேகரித்து, அவற்றிலிருந்த நடிகர்களைக் கணினியின் துணையால் ஒவ்வொரு சட்டகமாக அழித்தார். கதை போயிற்று, உரையாடல் போயிற்று. எஞ்சியவை படிகள், சுவர்கள், பாதி திறந்த கதவுகள், துருப்பிடித்த கம்பிகள், கடல். அவற்றுக்கிடையே, தற்செயலாகப் படத்துள் அகப்பட்டுக்கொண்ட மனிதர்கள். ஒருவர் வாசலில் சாய்ந்து நிற்கிறார். ஒரு சிறுவன் காமிராவை வெறித்து நோக்குகிறான். தூரத்தே நின்ற இவர்களை அருகே கொணருவதற்காகப் படத்தை மிகவும் பெரிதாக்கியதால், உருவங்கள் மணல் தூவினாற்போல் சிதறித் தெரிகின்றன. முகம் இருக்கிறது, ஆனால் தெளிவில்லை. கனவில் காணும் முகங்கள் அப்படித்தானே இருக்கும்? அவ்வாறு கடந்து சென்ற ஒருவர் தம் சொந்த மாமா என்பதைக் கண்டுகொண்டதாக அல்ஜஃபரி கூறியிருக்கிறார்.

நம் வாசகர்களுக்குப் பழக்கமான ஒரு துறையை இங்கு நினைவுபடுத்தலாம். ஹதீஸ் கலை வல்லுநர்கள் செய்தியின் வாசகத்தை மட்டும் பார்ப்பதில்லை; அதனைச் சுமந்து வந்த அறிவிப்பாளர் வரிசையை ஒவ்வொருவராக ஆராய்வார்கள். அறிவிப்பவருக்கு அச்செய்தியில் சொந்த நோக்கம் உண்டா என்று துருவுவார்கள். அக்கலையோடு திரைப்படத்தை ஒப்பிடுவது நம் கருத்தன்று. ஆயினும் அந்த விழிப்புடன் நோக்கினால், இப்படங்களின் முன்னணியில் நிகழ்வது முழுவதும் நோக்கத்தோடு புனையப்பட்டது என்பதும், பின்னணியில் உள்ளது எவரும் சொல்ல எண்ணாமலே பதிவாகிவிட்டது என்பதும் புலப்படும். பொய் சொல்ல வந்த படம், தன்னை அறியாமலே சாட்சியும் சொல்லிவிட்டது. 'கஸப்லான்' எடுத்தவர்கள் யாஃபாவின் சுவர்களுக்காக வழக்காட வரவில்லை. ஆகவேதான் அச்சுவர்களைப் பற்றி அவர்களுடைய காமிரா தரும் சாட்சியத்தை மறுப்பது கடினம்.

"ஃபலஸ்தீனர் தாமே எடுத்த படங்கள் இல்லையா? பிறர் படத்தின் மூலையில் ஏன் தேட வேண்டும்?" என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான்.

அந்நாட்டைத் தொடக்கத்தில் படம் பிடித்தவர்கள் லூமியேர் நிறுவனத்தார். 1897இல் ஜெருஸலம் நிலையத்தைவிட்டு ரயில் நகரும்போது அதிலிருந்தே எடுத்த காட்சி இன்றும் இருக்கிறது. அம்மண்ணின் மைந்தர்களில் முன்னோடியாகச் சொல்லப்படுபவர் யாஃபாவைச் சேர்ந்த இப்ராஹீம் ஹஸன் ஸிர்ஹான். 1935இல் சவூதி இளவரசர் சவூத் ஃபலஸ்தீனுக்கு வருகை தந்தபோது அவர் எடுத்த சிறு படம் நமக்குக் கிட்டவில்லை. 1948இல் அவரும் அகதியானார். பல ஆண்டுகளுக்குப் பின் காஸிம் ஹவல் என்னும் இராக்கிய இயக்குநர் அவரைக் கண்டபோது, பெய்ரூத்தின் ஷாத்திலா முகாமில் தகர வேலை செய்து பிழைத்துக்கொண்டிருந்தார். ஒரு நாட்டின் சினிமாவைத் தொடங்கி வைத்த கை தகரம் வெட்டிக்கொண்டிருந்த காட்சியைச் சற்று எண்ணிப் பாருங்கள். முதற்படம் எது என்று நாம் வாதாடுகிறோம்; எடுத்தவர் கையில் அதன் ஒரு முழச் சுருளும் இல்லை.

பின்னர் 1968ஆம் ஆண்டளவில் அம்மான் நகரில் மூவர் சேர்ந்து ஒரு திரைப்படப் பிரிவைத் தொடங்கினர்: முஸ்தஃபா அபூ அலீ, ஹானீ ஜவ்ஹரிய்யா, சுலாஃபா ஜாதல்லாஹ். மூன்றாமவர் பெண்மணி, கெய்ரோவில் ஒளிப்பதிவு பயின்றவர். அவர்கள் முகாம்களையும் போர்களையும் திருமணங்களையும் இறுதி ஊர்வலங்களையும் படம் பிடித்தனர். ஹானீ 1976இல் லெபனான் மலைப்பகுதியில் படமெடுத்துக்கொண்டிருக்கும்போதே கொல்லப்பட்டார். பெய்ரூத்தில் அவர்கள் சேர்த்து வைத்த படக்களஞ்சியம் 1982 முற்றுகைக்குப் பின் வந்த ஆண்டுகளில் சுவடின்றி மறைந்தது.

அதே 1982இல் மற்றொரு களஞ்சியமும் போயிற்று. பெய்ரூத்தில் 1965 முதல் இயங்கிய ஃபலஸ்தீன ஆய்வு மையம், நூல்களும் கையெழுத்துச் சுவடிகளும் நிழற்படங்களும் படச்சுருள்களும் நிறைந்த இடம். செப்டம்பரில் இஸ்ரேலியப் படை மேற்கு பெய்ரூத்துக்குள் நுழைந்தபோது அங்கிருந்தவற்றை வண்டிகளில் ஏற்றிக் கொண்டுபோய்விட்டது. ஸப்ரா, ஷாத்திலா முகாம்களில் படுகொலை நிகழ்ந்ததும் அந்நாட்களில்தான். 1983 நவம்பரில் கைதிகள் பரிமாறப்பட்டபோது நூலகத்தின் பெட்டிகள் திருப்பித் தரப்பட்டு அல்ஜீரியா சென்றன. அங்கே ஒரு பாலைவன முகாமில் கிடந்து சீரழிந்தன. ஆனால் நிழற்படங்களிலும் படச்சுருள்களிலும் ஒரு பகுதி இஸ்ரேலிய இராணுவக் காப்பகத்திலேயே தங்கிவிட்டது. இதனை வெளிப்படுத்தியவர் ரோனா செலா என்னும் இஸ்ரேலிய ஆராய்ச்சியாளரே. காப்பகத்தின் கதவுகளைத் திறக்க அவர் ஆண்டுக்கணக்கில் போராடினார். 2017இல் அது பற்றி ஒரு படமும் எடுத்தார். தம் நாட்டுப் படை செய்ததைத் தாமே எடுத்துரைக்கும் துணிவு பாராட்டுக்குரியது.

படைகள் பொன்னைக் கொள்ளையிடுவதை வரலாற்றில் நிறையப் படித்திருக்கிறோம். திருமண ஊர்வலத்தின் படத்தை ஒரு படை ஏன் எடுத்துச் செல்ல வேண்டும்? அதில் ஆயுத இரகசியமில்லை, சந்தையில் விலையுமில்லை. ஆனால், இன்ன ஊரில் இன்னார் வாழ்ந்தனர், மணந்தனர், மகிழ்ந்தனர் என்பதற்கு அது சான்று. சான்று தம் வசம் இருப்பதையே எடுத்தவர்கள் விரும்பினர் என்று நாம் கருதுகிறோம்.

2024இல் அல்ஜஃபரி வெளியிட்ட 'எ ஃபிதாயீ ஃபில்ம்' இந்தக் கொள்ளையைப் பற்றியது. கொள்ளைபோன படங்களாலேயே ஆனது. ஃபிதாயீ என்பதற்குப் போராளி என்று செய்தித்தாள்கள் பொருள் கூறும். நோன்பு நோற்க இயலாதவர் கொடுக்கும் ஃபித்யாவை நம் இல்லங்களில் அறியாதார் யார்? இரண்டும் ஒரே வேர்ச்சொல்லில் பிறந்தவை. கைதியை மீட்கக் கொடுக்கும் ஈட்டுத் தொகையும் அவ்வேரிலிருந்தே வருகிறது. சிறையிருக்கும் படங்களை மீட்டு வரும் படம் என்றே இத்தலைப்புக்குப் பொருள் கொள்ளத் தோன்றுகிறது. காப்பகத்தார் படங்களின்மேல் பொறித்த ஹீப்ரு வாசகங்களை இவர் செந்நிறத்தால் கிறுக்கி மறைத்திருக்கிறார். சில இடங்களில் அச்செந்நிறம் மனிதர்களின் மேலும் பொருட்களின் மேலும் தீயைப் போல் படர்கிறது. கைப்பற்றியவர் ஒட்டிய சீட்டைக் கிழித்தெறிவது போன்ற செயல் அது. முந்திய படத்தில் அழித்தல் மென்மையாக நடந்தது. இதிலே சினத்துடன் நடக்கிறது.

இங்கே நம் மனத்தில் எழுந்த தயக்கத்தை மறைப்பதற்கில்லை. பழைய ஆவணத்தில் கை வைப்பது வரலாற்றாசிரியனுக்குக் கூசும் செயல். நடிகர்களை நீக்கிய யாஃபா, எக்காலத்திலும் இருந்த யாஃபா அன்று. மேலும், நீக்கப்பட்டவர்கள் எல்லோரும் வெற்றியாளர்களும் அல்லர். மொராக்கோவிலிருந்தும் இராக்கிலிருந்தும் வந்து, வெறுங்கையோடு அப்பழைய வீடுகளில் குடியமர்த்தப்பட்ட ஏழை யூதர்களின் கதையும் அப்படங்களில் ஒருவாறு இருந்தது. ஒரு மக்களைப் படத்திலிருந்து நீக்கியது தவறென்றால், பதிலுக்கு இன்னொரு மக்களை நீக்குவது மட்டும் எவ்வாறு சரியாகும்?

இக்கேள்விக்கு முழு விடை நம்மிடமில்லை. ஆயினும் இரண்டு வேறுபாடுகளைக் காண்கிறோம். அல்ஜஃபரி தாம் அழித்த இடத்தை மறைக்கவில்லை. நடிகன் நின்ற இடத்தில் சில வேளை ஒரு நிழல், ஒரு நடுக்கம் எஞ்சுகிறது; பிந்திய படத்திலோ செந்நிறமே அழிப்பைப் பறைசாற்றுகிறது. கள்ளக் கையெழுத்து இடுகிறவன் தன் எழுத்துக்குச் சிவப்பு மை தேடமாட்டான். அன்றியும், இவர் எடுத்த பிரதியில்தான் நடிகர்கள் மறைந்தனர். 'கஸப்லான்' இன்றும் முழுமையாக இருக்கிறது, விரும்பியவர் பார்க்கலாம். இடிக்கப்பட்ட அஜமி வீடுகளுக்கு அத்தகைய மூலப்பிரதி எங்கே இருக்கிறது?

இவர் படங்களில் நம் உள்ளத்தை மிகவும் தொட்டது, கொள்ளையும் போரும் இல்லாத ஒன்றேயாகும். 2006 கோடையில், ரம்லாவில் இவர் தந்தையாரின் கார்க் கண்ணாடியை யாரோ உடைத்துவிட்டுப் போயினர். கோபமுற்ற தந்தையார், குற்றவாளியைப் பிடிப்பதற்காகத் தெருவை நோக்கி ஒரு கண்காணிப்புக் காமிராவைப் பொருத்தினார். நம் வீட்டு வாப்பாமாரும் இதைத்தான் செய்திருப்பார்கள்! தந்தையார் மறைந்தபின் அந்த நாடாக்கள் மகனின் கையில் கிடைத்தன. அவற்றில் கலை எதுவுமில்லை. நிறுத்தி வைத்த கார், போவோர், வருவோர், ஓர் அத்தி மரம். பள்ளிக்கு ஓடும் பிள்ளைகள், வேலைக்குப் புறப்படும் பெரியவர்கள், அடிக்கடி வாசலுக்கு வந்து காரைப் பார்த்துவிட்டுப் போகும் தந்தை. இவற்றைக் கோத்து 'அன் அன்யூஷுவல் ஸம்மர்' என்னும் படத்தை 2020இல் ஆக்கினார். கடந்து செல்வோர் யார் யார் என்று திரையிலே எழுத்தில் அறிமுகம் செய்கிறார். 'டெல்டா ஃபோர்ஸ்' படத்தின் பின்னணியில் பெயரற்று நின்ற மக்கள், ஒரு தந்தையின் காவல் காமிராவில் பெயர் பெற்றனர். அந்தப் பகுதியின் பெயர் 'கெட்டோ'. ஐரோப்பாவில் யூதர்களை ஒடுக்கி வைத்த சேரிகளுக்கு வழங்கிய சொல், அரபிகளின் தெருவுக்குப் பெயராக ரம்லா வந்து சேர்ந்திருக்கிறது.

இறுதியாக ஒரு படம். 1989இல், முதல் இன்திஃபாதா காலத்தில், பதினேழு வயதிலேயே அல்ஜஃபரி சிறையிலடைக்கப்பட்டார். அங்கே காஸாவைச் சேர்ந்த அப்துர் ரஹீம் என்பவர் அவருடன் இருந்தார். விடுதலையாகி ஆண்டுகள் பல சென்றபின், 2001இல், அந்தப் பழைய தோழரைத் தேடிக் காஸா சென்றார். கையில் முகவரி இல்லை. ஒரு சிறு காமிரா இருந்தது. ஹஸன் என்னும் உள்ளூர்க்காரர் வழிகாட்டியாக உடன் வந்து, வடக்கிலிருந்து தெற்குவரை அவரை அழைத்துச் சென்றார். சந்தைகளையும் கடற்கரையையும் தெருப் பிள்ளைகளையும் படம் பிடித்தார். ஊர் திரும்பியபின் அம்மூன்று நாடாக்களும் எங்கோ வைக்கப்பட்டு மறக்கப்பட்டன.

2023 அக்டோபருக்குப் பின் காஸாவின்மீது தொடுக்கப்பட்ட போரில் அத்தெருக்கள் என்ன ஆயின என்பதை நம் வாசகர்கள் அறிவார்கள். மறந்து வைத்த நாடாக்கள் மீண்டும் அகப்பட்டபோது அவையும் பழைய ஆவணமாகிவிட்டிருந்தன. இம்முறை அவர் யாரையும் அழிக்க வேண்டியிருக்கவில்லை. 'வித் ஹஸன் இன் காஸா' என்னும் பெயரில் 2025 ஆகஸ்டில் ஸ்விட்ஸர்லாந்தின் லொகார்னோ திரைப்பட விழாவில் அப்படம் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்டது. அதில் பிள்ளைகள் காமிராவின் முன் ஓடி வந்து, எங்களையும் எடுங்கள், எங்களையும் எடுங்கள் என்று நெருக்குகின்றனர். அன்று ஏழெட்டு வயதாக இருந்தவர்களுக்கு இப்போது முப்பது கடந்திருக்க வேண்டும். வழிகாட்டிய ஹஸன் என்ன ஆனார் என்பது, படம் திரைக்கு வந்த நாளிலும் அதை எடுத்தவருக்குத் தெரிந்திருக்கவில்லை.